குதிரை ஏறிய சேலை

மூக்கால் பார்க்கும் வேலை

வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் மேனேஜர் கேரல் என்னிடம் ஒரு ஜோடி வெள்ளைக் காட்டன் கிளவுஸைக் கொடுத்தார். பழைய ஃபிலிம் கெட ஆரம்பித்தால் வினிகர் வாடை வரும், அதனால் ஃபிலிம் சுருள் வைத்த கேனைத் திறந்ததும் கண்ணால் பார்ப்பதற்கு முன்பு மூக்கால் பார்க்க வேண்டும் என்றார். வாடை வந்தால் அந்தக் கேனை உடனே பிரித்துத் தள்ளி வைக்க வேண்டும். இல்லாவிட்டால் பக்கத்தில் இருப்பதும் கெடும்.

நான் திறந்த முதல் கேனிலேயே வாடை. அடுத்ததிலும் வாடை. அதற்கு அடுத்ததைத் திறந்தபோது எனக்கு வியர்த்துவிட்டது. நான் சேர்ந்த அன்றே ஒரு அலமாரி முழுவதும் போய்விட்டதே என்று பதறிப்போய்க் கேரலைக் கூப்பிட்டேன். அவர் குனிந்து கேனை முகர்ந்தார். பிறகு மேஜைக்கு அடியில் இருந்த என் லஞ்ச் பையைத் தூக்கி முகர்ந்தார். உள்ளே தயிர்சாதமும் கடையில் வாங்கிய எலுமிச்சை ஊறுகாயும் இருந்தன. பாட்டில் ஊறுகாயில் வினிகர் சேர்க்கிறார்கள் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். கேரல் பையை வெளியே கொண்டுபோய் வைத்துவிட்டு வந்து, "குட் நோஸ்" என்றார். இந்த வேலையில் எனக்குக் கிடைத்த முதல் பாராட்டு அது. பாராட்டுத்தானா என்று அன்று முழுவதும் யோசித்துக்கொண்டிருந்தேன்.

கம்ப்யூட்டர் சம்பந்தம் இல்லாத வேலை பார்க்கும் பெண்கள் யாராவது எழுதுங்கள் என்று தமிழ்ச் சங்கத்து ஆண்டு மலர்க்குழுவில் கேட்டபோது என் பெயரைத்தான் எல்லோரும் சொன்னார்களாம். வேறு ஆள் இல்லை என்பதால் இருக்கும். நான் பாளையங்கோட்டையில் லைப்ரரி சயின்ஸ் படித்தவள். என் கணவர் ராஜனுக்கு ஃப்ரீமாண்டில் வேலை. நான் டிபென்டண்ட் விசாவில் வந்து வீட்டோடு இருந்தேன். கிரீன் கார்டுக்கு அப்ளை பண்ணி, என் கையில் வொர்க் பர்மிட் வந்த நேரத்தில் ஊரே ஒய்டுகே, அதாவது கம்ப்யூட்டர்களை 2000-ம் வருஷத்துக்குத் தயார் பண்ணும் வேலை என்று ஓடிக்கொண்டிருந்தது. சர்ச்சில் பார்க்கிறவர்கள் எல்லாம் மூன்று மாசக் கம்ப்யூட்டர் கோர்ஸ் ஒன்று பண்ணச் சொன்னார்கள். நான் நைல்ஸில் ஒரு சின்ன மியூசியத்தில் பார்ட் டைம் வேலைக்குப் போய் நின்றேன்.

நைல்ஸ் ஃப்ரீமாண்டின் ஒரு மூலை. ஒரு தெரு, பழைய சாமான் கடைகள், ரயில் தண்டவாளம், பின்னால் மலை. ஊமைப்படக் காலத்தில் ஒரு சினிமா கம்பெனி அங்கே கொட்டகை போட்டுப் படம் எடுத்திருக்கிறது. அந்தப் படங்களில் கிடைத்ததைச் சேர்த்து வைப்பதுதான் மியூசியத்தின் வேலை. நான் அந்த வேலையை எடுத்துக்கொண்டதற்கு உண்மையான காரணம், எங்கள் வீட்டிலிருந்து ஃப்ரீவே ஏறாமலே அங்கே போய்ச் சேரலாம் என்பது. லைசன்ஸ் வாங்கிக் கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. மகள் ப்ரீத்திக்கு மூன்று வயது. அவளை டேகேரில் விட்டுவிட்டு வந்து, மத்தியானம் போன் பண்ணிச் சாப்பிட்டாளா என்று கேட்பேன். "ஷி இஸ் ஃபைன்" என்பார்கள். எல்லா அம்மாக்களுக்கும் இதே பதிலைத்தான் சொல்கிறார்களோ என்று போனை வைத்த பிறகு தோன்றும்.

எஃபி

மியூசியத்தின் முதலாளி, மேனேஜர், சில நாள் வாட்ச்மேன் எல்லாமே கேரல்தான். நாற்பது வயசுப் பெண்மணி. ஒரு பழைய நாற்றுப் பண்ணையின் கிடங்கில் கிடைத்த ரீல்களை லேபுக்கு அனுப்பிப் புதிய ஃபிலிமில் காப்பி எடுத்து வைத்திருந்தார். அந்தக் காப்பிகளைச் சின்னத் திரை வைத்த, கையால் சுற்றும் வியூவரில் ஓட்டி, ஒவ்வொரு ஷாட்டிலும் யார் இருக்கிறார்கள், என்ன நடக்கிறது என்று எழுதுவது என் வேலை. கூடவே அந்த ரீல்களில் ஒரு ஆளைத் தேடவும் சொல்லியிருந்தார். அவர் பெயர் எஃபி லோரிமர்.

எஃபி உள்ளூர்ப் பெண். ஆப்ரிகாட் பழம் வெட்டும் கொட்டகையில் வேலை செய்துகொண்டிருந்தவர். பதினேழு வயதில் கம்பெனிக்காரர்கள் கண்ணில் பட்டிருக்கிறார். அவர்கள் பார்த்தது முகத்தை இல்லை, குதிரை ஓட்டுவதை. அந்தக் கம்பெனி எடுத்ததெல்லாம் கௌபாய் படம். காலையில் ஷெரிஃபின் மனைவி, மத்தியானம் கொள்ளைக்காரனின் தங்கை, வெயில் சாய்வதற்குள் ஒரு பிணம் என்று ஒரே நாளில் மூன்று வேஷம் போட்டிருக்கிறார். வேஷத்துக்கான துணியை அவரே தைத்து, அவரே துவைத்துக்கொள்ள வேண்டும். லைட் கிடையாது, சூரியன்தான். மேகம் வந்தால் எல்லோரும் உட்கார்ந்து சீட்டாடுவார்கள். படத்தில் யார் பெயரும் போடமாட்டார்கள்.

அந்தக் கால ஃபிலிமுக்குச் சிவப்பு கறுப்பாகத் தெரியும், நீலம் வெளுத்துவிடும். எஃபிக்கு வெளிர்நீலக் கண். முதல் படத்தில் விழியே இல்லாத பேய் மாதிரி வந்திருக்கிறார். அதன் பிறகு ஷாட் தொடங்கும்வரை ஒரு ஆள் அவர் முகத்துக்கு நேராகக் கறுப்பு வெல்வெட் துணியைப் பிடித்துக்கொண்டு நிற்பாராம். இருட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தால் கண்பாவை விரியும், அப்போது கண் கொஞ்சம் கறுப்பாகப் பதியும். "ஆக்‌ஷன்" என்றதும் துணியை இழுத்துவிட்டு அந்த ஆள் ஓட வேண்டும்.

சில வருஷத்தில் கம்பெனி மூடப்பட்டது. எஃபி லாஸ் ஏஞ்சலஸ் போய்ப் பார்த்தார். அங்கே அவரைவிடச் சின்னப் பெண்கள் வரிசையில் நின்றார்கள். திரும்பி வந்து, பழத்தோட்டக்காரர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு, ரீல்கள் கிடைத்த அந்த நாற்றுப் பண்ணையை வைத்தார். இருபத்து மூன்று வயதில் ரிட்டயர்மென்ட்.

இவ்வளவையும் எங்களுக்குச் சொன்னவர் எஃபியின் மகள் டோரத்தி. எண்பதை நெருங்கிய பெண்மணி. மியூசியத்துக்கு வரும்போதெல்லாம் ஒரு பூந்தொட்டியோ ஒரு பை பிளம்ஸோ கொண்டுவருவார். அம்மாவை அவர் திரையில் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. எந்தெந்தப் படத்தில் நடித்தேன் என்று எஃபியும் சொன்னதில்லை. ஒன்றே ஒன்றை மட்டும் பெருமையாகச் சொல்வாராம், தான் ஒரு படத்தில் ஹிந்து இளவரசி என்று.

காற்றில் ஆடும் அரண்மனை

கிடங்கில் கிடைத்த ரீல்களில் இளவரசி வரும் ரீல் ஒன்று இருந்தது. அதற்குத் தலைப்பும் இல்லை, நடுவில் கதை சொல்லும் எழுத்து அட்டைகளும் இல்லை. கேரலுக்கு ஒரே சந்தோஷம். அக்டோபரில் ஹால் எடுத்து அதைத் திரையிட ஏற்பாடு செய்தார். இளவரசியின் முகத்தைப் பெரிதாகப் போட்டு, கீழே எஃபியின் பெயரைப் போட்டு ஃப்ளையர் நோட்டீஸ் அடித்தார். டோரத்தியிடம் காட்டியபோது, இவ்வளவு மாவு பூசினால் யாரும் தன் அம்மாவாக இருக்கலாம் என்று சொல்லிச் சிரித்தார். மொடெஸ்டோவிலிருந்தும் சாக்ரமென்டோவிலிருந்தும் பேரன் பேத்திகள் வருவதாக இருந்தது.

நீ இந்தியப் பெண், டிரஸ் எல்லாம் சரியாக இருக்கிறதா பார் என்று கேரல் ரீலை என்னிடம் கொடுத்தார். நான் வியூவரைச் சுற்றிச் சுற்றி, சிரித்துச் சிரித்துப் பார்த்தேன். ராஜாவின் படை முழுவதும் கௌபாய்கள். தலைப்பாகை கட்டியிருக்கிறார்கள், காலில் ஸ்பர் என்கிற குதிமுள் வைத்த பூட்ஸ். இந்தியக் காடு என்பது நைல்ஸ் யூகலிப்டஸ் தோப்பு. அரண்மனையை வெட்டவெளியில் துணி கட்டிப் போட்டிருக்கிறார்கள். அதனால் உள்அறையில் காற்று அடிக்கிறது. ராஜா சிம்மாசனத்தில் உட்கார்ந்திருக்க, அவருக்குப் பின்னால் சுவர் படபடவென்று ஆடுகிறது.

கதை எளிது. கிழட்டு மந்திரிக்கு இளவரசியைக் கட்டிவைக்கப் பார்க்கிறார்கள். இளவரசி நெஞ்சில் கைவைத்து அழுகிறார், அரண்மனை வாசல் வழியாக ஓடுகிறார், வெளியே நிற்கும் குதிரையில் ஏறிப் பறக்கிறார், ஓடையைத் தாண்டுகிறார், காதலனின் கூடாரத்தில் போய் விழுகிறார்.

இரண்டாம் தடவை ஓட்டும்போதுதான் என் கை நின்றது.

அறைக்குள் இருக்கும் இளவரசிக்குச் சேலையை யாரோ ஜன்னல் திரை மாட்டுவது மாதிரி மாட்டியிருக்கிறார்கள். கொசுவம் இல்லை. சும்மா சுற்றி, தோளில் ஊக்கு குத்தி, மீதியைத் தரையில் இழுபட விட்டிருக்கிறார்கள். வெளியே குதிரை ஏறும் இளவரசிக்கும் அதே சேலைதான், பார்டரில் அதே பெரிய மாங்காய். ஆனால் ஒரு முனையைக் காலுக்கு நடுவே பின்னால் இழுத்து இறுக்கிச் செருகியிருக்கிறது. நம் ஊரில் வயலில் இறங்கும் பெண்கள் செருகிக்கொள்கிற மாதிரி. முந்தானை தலையை மூடியிருக்கிறது. ஓடைவரை முகமே தெரியவில்லை. கூடாரத்தில் காதலன் தோளில் சாயும்போது மறுபடி முகம், மறுபடி ஜன்னல் திரை.

சேலை கட்டாதவர்களுக்கு அது ஒரே உடுப்பாகத்தான் தெரியும். எடுத்தவர்களும் அப்படித்தான் நினைத்திருக்கிறார்கள். துணி ஒன்றுதானே, யார் எப்படிச் சுற்றினால் என்ன என்று விட்டிருக்கிறார்கள். எனக்கு அது இரண்டு பெண்களாகத் தெரிந்தது.

சோபாக் குதிரை

சொல்வதற்கு முன்பு சோதித்துப் பார்க்க வேண்டும் என்று தோன்றியது. சனிக்கிழமை மத்தியானம் ராஜன் இந்தியன் கடைக்குப் போன நேரம் பார்த்து ஒரு சேலையை எடுத்தேன். முதலில் சாதாரணமாகக் கட்டிக்கொண்டு சோபாவின் கைப்பிடியில் இருபுறமும் கால்போட்டு உட்காரப் பார்த்தேன். முடியவில்லை. பிறகு படத்தில் பார்த்தபடி பின்னால் செருகிக்கொண்டு ஏறினேன். சுலபமாக உட்கார முடிந்தது. ப்ரீத்தி "மி டூ, அம்மா" என்று எனக்குப் பின்னால் ஏறி என் இடுப்பைப் பிடித்துக்கொண்டாள். அந்த நேரத்தில் தோளில் அரிசி மூட்டையோடு ராஜன் உள்ளே வந்தார்.

"ஏட்டி, என்ன இது?"

"ஆபீஸ் வேலைங்க."

"எந்த ஆபீஸ்ல சோபா மேல குதிரை ஓட்டச் சொல்லுதாங்க?"

நான் இறங்காமலே விஷயத்தைச் சொன்னேன். மூட்டையை இறக்கி வைத்துவிட்டுக் கேட்டார். அவருக்கு ஆபீசில் அடுத்தவர் எழுதிய புரோகிராமில் ஓட்டை கண்டுபிடிக்கிற வேலை. வீட்டிலும் அதே புத்திதான்.

"ஏன், அதே பொம்பளை வெளிய வந்து மாத்திக் கட்டியிருக்க மாட்டாளா? நீ இப்ப மாத்திக் கட்டலியா?"

நான் ப்ரீத்தியை இறக்கிவிட்டு நானும் இறங்கினேன்.

"வேற ப்ரூஃப் இருக்கான்னு பாரு மெர்சி. இல்லன்னா பேசாம இரு. அந்தப் பாட்டியம்மா குடும்பமே கார் போட்டு வருதுங்க, நீ பாட்டுக்கு அது உங்கம்மா இல்லன்னு சொல்லிட்டு நிக்காத."

மறுநாள் சர்ச்சில் பிரசங்கம் ஒன்றும் காதில் ஏறவில்லை. நான் சொல்லாமல் இருந்தால், யாரோ ஒருத்தியின் முகத்தைப் பார்த்து டோரத்தி அம்மா என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்குப் போவார். தப்பாகச் சொன்னால், கடைசியில் கிடைத்த அம்மாவை நான் பறித்ததாக ஆகும். இதில் எது பெரிய பாவம் என்று தெரியவில்லை. பாளையங்கோட்டையில் நான் படித்த பாடத்தில் புத்தகத்துக்கு நம்பர் போடச் சொல்லிக்கொடுத்தார்கள். இதற்கு ஒன்றும் சொல்லிக்கொடுக்கவில்லை.

வாசல் விளக்கு

திங்கட்கிழமை போனதும் அந்த வாசலை மட்டும் திரும்பத் திரும்ப ஓட்டினேன். அரண்மனை வாசலில் ஒரு விளக்கு தொங்குகிறது. அறைக்குள்ளிருந்து எடுத்த ஷாட்டில் இளவரசி ஓடும்போது விளக்குக்கும் தலைக்கும் நடுவில் நல்ல இடைவெளி இருக்கிறது. வெளியிலிருந்து எடுத்த ஷாட்டில் அதே வாசல், அதே விளக்கு. இளவரசி குனிந்து வெளியே வருகிறார். குனிந்தும் விளக்கு முந்தானையில் இடித்து ஆடுகிறது.

சேலையை மாற்றிக் கட்டலாம். ஒரு வாசலைத் தாண்டுவதற்குள் உயரமாக முடியாது.

கேரலைக் கூப்பிட்டேன். எனக்கு நிச்சயமில்லை, நான் தப்பாகவும் இருக்கலாம், நான் புதுசு என்று மூன்று விதமாக மன்னிப்புக் கேட்டுவிட்டுத்தான் காட்டினேன். அவர் நின்றபடியே பார்த்தார், பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து பார்த்தார். ஃப்ளையர் தெருவில் எல்லாக் கடைக் கண்ணாடியிலும் ஒட்டியாகிவிட்டது என்றார். கோபமில்லை, கணக்குப் போடுகிற குரல்.

இரண்டில் எது எஃபி என்று கேட்டார். தெரியாது என்றேன். முகம் தெரிகிறவர் எஃபியாக இருந்தால் ஒன்றும் மாற்ற வேண்டாம். குதிரையில் இருப்பவர் எஃபியாக இருக்கலாமே என்று மெல்லச் சொன்னேன். கேரல் இன்னொரு குண்டைப் போட்டார். அந்த நாளில் ஆபத்தான ஷாட்டில் பெண்ணுக்குப் பதிலாகக் கௌபாய்களுக்கே பாவாடை கட்டி விடுவார்களாம். இந்த இளவரசி மீசையை மழித்த ஒரு ஆளாகக்கூட இருக்கலாம்.

வியாழக்கிழமை டோரத்தி வருவார், நீயே காட்டு, கேட்பதை அவரிடமே கேள் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அவர் சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். என் ஆங்கிலம் பதற்றத்தில் தடுமாறும். புதன்கிழமை சாயங்காலம் பாத்திரம் கழுவிக்கொண்டே வாய்விட்டு ஒத்திகை பார்த்தேன்.

வலது பக்கம்

டோரத்தி ஒரு ஜெரேனியம் தொட்டியோடு வந்தார். ஒத்திகை பார்த்தது எல்லாம் மறந்துபோயிற்று. ரீலை ஒருமுறை பார்க்கிறீர்களா என்று மட்டும் கேட்டேன். எதையும் முன்கூட்டிச் சொல்லாமல் இருந்தது நல்லதாகப் போயிற்று என்று பிறகு கேரல் சொன்னார். அது திறமை இல்லை, பயம்.

நான் கைப்பிடியைச் சுற்றினேன். இளவரசியின் முகம் வந்தது. "ப்ரெட்டி" என்றார், மரியாதைக்குச் சொல்கிற மாதிரி. அழுகை வந்தது, மந்திரி வந்தார், சுவர் ஆடியது. என் கை ஈரமாகிக் கிளவுஸ் ஒட்டிக்கொண்டது.

வாசல் வந்தது. உயரமான உருவம் குனிந்து வெளியே வந்தது. குதிரை பக்கத்திலேயே நிற்கிறது. அந்தப் பெண் நேரே ஏறாமல், குதிரையின் முகத்தைச் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போய், வலது பக்கத்திலிருந்து ஏறுகிறார். நான் அதை இதுவரை எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். குதிரையைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாததால் அது ஒரு விஷயமாகவே படவில்லை.

டோரத்தி என் கைமேல் கைவைத்து நிறுத்தினார். மறுபடி என்றார். சுற்றினேன். மறுபடி என்றார். மூன்றாவது தடவை சிரிக்க ஆரம்பித்து, மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்.

"தட்ஸ் மை மதர்."

உலகம் முழுவதும் குதிரைக்கு இடது பக்கத்திலிருந்துதான் ஏறுவார்களாம். எஃபியின் வீட்டில் இருந்த ஒரே குதிரைக்கு இடது கண் குருடு. அந்தப் பக்கம் போனால் மிரளும். அதனால் வலது பக்கம் ஏறியே பழகி, கடைசிவரை எந்தக் குதிரைக்கும் வலது பக்கம்தான். பிள்ளைகளுக்கும் அப்படியே சொல்லிக்கொடுத்திருக்கிறார். கண்காட்சியில் குதிரைப் போட்டிக்குப் போனபோது குடும்பமே தப்புப் பக்கம் ஏறுகிறது என்று ஊர் சிரித்ததாம்.

செருகியிருந்த சேலையைக் காட்டி, இது உங்கள் ஊர் வழக்கமா என்று கேட்டார். சில வேலைகளுக்கு அப்படிக் கட்டுவோம், உங்கள் அம்மாவுக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்க வழியில்லை, அவரே யோசித்திருக்க வேண்டும் என்றேன். டோரத்திக்கு அது பெரிய சந்தோஷம்.

கேட்கக்கூடாது என்று நினைத்தும் கேட்டுவிட்டேன். முகம் ஒரு ஷாட்டில்கூடத் தெரியவில்லையே, வருத்தமாக இருக்கிறதா என்று. அவர் என்னை ஆச்சரியமாகப் பார்த்தார். அம்மாவின் முகத்தைத் தினமும் காலைச் சாப்பாட்டு மேஜையில் ஐம்பது வருஷம் பார்த்தாயிற்று என்றார். இருபது வயதில் அம்மா குதிரையில் பறந்ததை இன்றைக்குத்தான் பார்க்கிறேன் என்றார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஜெரேனியத்துக்கு அதிகம் தண்ணீர் ஊற்றாதே என்று எனக்குச் சொல்லிவிட்டுப் போனார்.

திரையிட்ட நாள்

கேரல் எல்லாக் கடைக்கும் நடந்துபோய்ப் பழைய ஃப்ளையரை எடுத்துவிட்டுக் குதிரைப் படம் போட்ட புதியதை ஒட்டினார். ஹாலில் ஒருவர் பியானோ வாசித்தார். இளவரசியின் முகம் வந்தபோது கூட்டம் அமைதியாகப் பார்த்தது. வாசலில் உயரமான உருவம் குனிந்ததும் முன்வரிசையில் இருந்த டோரத்தி குடும்பம் முழுவதும் எழுந்து கைதட்டியது. ஓடையைத் தாண்டியபோது பியானோக்காரரே ஒரு கணம் திரையைப் பார்த்து வாசிப்பை விட்டுவிட்டார். ராஜன் என் காதில், "சொன்னது நல்லதாப் போச்சு" என்றார். பேசாம இருன்னு சொன்னது யாரு என்று கேட்டேன். ப்ரூஃப் இல்லன்னா என்றுதானே சொன்னேன் என்றார்.

அந்த ரீலைப் பற்றிய குறிப்பை நான்தான் எழுதினேன். குதிரையில் இளவரசி: எஃபி லோரிமர். அரண்மனையில் இளவரசி: தெரியவில்லை. இரண்டாவது வரியை எழுதும்போது கஷ்டமாக இருந்தது. அவ்வளவு பெரிய முகம், அவ்வளவு அழுகை, பெயர் இல்லை. அவருக்கும் எங்கேயாவது ஒரு மகள் இருக்கலாம். இப்போது அவரைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.

புதிதாக வேலைக்குப் போகிற தங்கைகளுக்கு நான் சொல்வது இதுதான். பயம் போன பிறகு பேசலாம் என்று காத்திருக்காதீர்கள், எனக்கு இன்னும் போகவில்லை. கண்ணில் பட்டதைப் பட்ட அளவுக்குச் சொல்லுங்கள். தெரியாததைத் தெரியாது என்று சொல்லுங்கள். நான் சேலையைப் பார்த்தேன், குதிரையைப் பார்க்கவில்லை. குதிரையைப் பார்க்கத் தெரிந்தவர் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் அவர் அந்த நாற்காலிக்கே வந்திருக்க மாட்டார்.